பாடன் நகரத்து லாங்மாட் மாளிகை: மூன்று செசான்கள் ஏன் விற்கப்பட்டன?

லாங்மாட்டைப் பற்றி என்னிடம் கேட்கப்பட்ட கேள்வியில் மூன்று பகுதிகள் உள்ளன. சுவிட்சர்லாந்தில் இருபதாயிரத்துச் சொச்சம் மக்கள் வாழும் பாடன் என்ற வெந்நீரூற்று நகரத்தில் செசான், ரெனுவார், மோனே ஆகிய பிரெஞ்சு ஓவியர்களின் படைப்புகளைக் கொண்ட லாங்மாட் என்ற தனியார் அருங்காட்சியகம் எப்படி உருவாயிற்று என்பது முதலாவது. 2023-இல் அந்த அருங்காட்சியகம் தன்னிடமிருந்த மூன்று செசான் ஓவியங்களை ஏலத்தில் விற்றது சரிதானா என்பது இரண்டாவது. அங்கே ஒரு நாள் போக வாய்த்தால் எதைப் பார்ப்பது என்பது மூன்றாவது. முதல் கேள்விக்கான விடையிலேயே இரண்டாவதற்கான விடையும் பாதி அடங்கியிருப்பதால் வரிசையாகவே சொல்கிறேன்.

முதலில் ஒரு பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். ‘பாடன்’ என்ற ஜெர்மன் சொல்லுக்குக் குளித்தல் என்று பொருள். வெந்நீர் ஊறும் இடங்களுக்கெல்லாம் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. ஜெர்மனியில் பாடன்-பாடன் இருக்கிறது, வியன்னாவுக்குத் தெற்கே ஒரு பாடன் இருக்கிறது, சுவிட்சர்லாந்தின் ஆர்காவ் மாநிலத்தில் லிம்மாட் ஆற்றின் வளைவில் இந்தப் பாடன் இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், மூன்று ஊர்களிலுமே பெயர்பெற்ற ஓவிய அருங்காட்சியகம் ஒன்று உண்டு. வியன்னா அருகிலுள்ள பாடனில் பெண்களுக்கான பழைய குளியலகத்தையே ஆஸ்திரிய ஓவியர் ஆர்னுல்ஃப் ரெய்னரின் ஓவியங்களுக்கான கூடமாக மாற்றியிருக்கிறார்கள். பாடன்-பாடனில் உள்ளதைப் பற்றிப் பின்னால் பேச வேண்டியிருக்கும்.

சுவிஸ் பாடனின் நீர் 47 பாகை வெப்பத்தில், பதினெட்டு ஊற்றுக்கண்களிலிருந்து, அந்நாட்டின் மற்ற வெந்நீரூற்றுகளைவிட அதிகமான கனிமங்களைச் சுமந்துகொண்டு வெளிவருகிறது. ரோமானியர்கள் இதை ‘அக்வே ஹெல்வெட்டிக்கே’ என்று அழைத்தார்கள். கி.பி. 69-இல் ரோமானியப் படைப்பிரிவு ஒன்று இவ்வூரைச் சூறையாடியதைக் குறிப்பிடும் வரலாற்றாசிரியர் தாசித்தஸ், நீண்ட அமைதிக்காலத்தில் நகரம் போலவே வளர்ந்துவிட்ட, நலம் தரும் நீருக்காகப் பலரும் நாடிவந்த இனிய இடம் என்று போகிறபோக்கில் எழுதிவைத்திருக்கிறார். 1416-இல் இத்தாலிய அறிஞர் போஜியோ இங்கு வந்து, ஆண்களும் பெண்களும் கூச்சமில்லாமல் குளத்தில் கூடிக் களிப்பதைக் கண்டு வியந்து கடிதம் எழுதினார். சுவிஸ் மண்ணுக்குள்ளேயே ஓடிய முதல் ரயில் 1847-இல் சூரிக்கிலிருந்து பாடனுக்குத்தான் ஓடியது. பாடனின் ‘ஸ்பானிஷ் பிரொட்லி’ என்ற அடுக்குப் பலகாரத்தைச் சூரிக்கின் செல்வர்கள் முன்பெல்லாம் வேலையாட்களை இரவில் நடக்கவைத்து வாங்கிவரச் சொல்வார்களாம். ரயில் வந்ததும் காலை உணவுக்கே சுடச்சுடக் கிடைத்ததால் அந்தப் பாதைக்கே பலகாரத்தின் பெயர் நிலைத்துவிட்டது.

ஆனால், லாங்மாட் உருவானதற்கு வெந்நீர் நேரடிக் காரணம் அன்று. ஊரின் கடன்தான் காரணம். 1870-களில் சுவிஸ் தேசிய ரயில்பாதை என்ற பெயரில், பெரிய ரயில் நிறுவனங்களுக்குப் போட்டியாக ஒரு பாதை போடப்பட்டது. வின்டர்தூர், பாடன், லென்ஸ்பர்க், சோஃபிங்கன் ஆகிய நகரங்கள் அதற்குப் பிணை நின்றன. 1878-இல் அந்நிறுவனம் திவாலானதும் பிணை நின்ற ஊர்களின் தலையில் கடன் விழுந்தது. குளிக்க வருகிறவர்களின் பணத்தை மட்டும் நம்பி அந்தக் கடனைக் கட்ட முடியாது என்பது விளங்கிய பாடன், தொழிற்சாலைகளைக் கைநீட்டி வரவேற்றது. லிம்மாட் ஆற்றில் மின்நிலையம் அமைக்க உள்ளூர்ச் சகோதரர்களான பிஃபிஸ்டர் இருவர் திட்டமிட்டார்கள். 1891-இல் சார்லஸ் பிரவுனும் வால்டர் பொவேரியும் தொடங்கிய மின்பொறி நிறுவனம் பாடனையே தனக்குரிய இடமாகத் தேர்ந்தெடுத்தது. அதுதான் பிற்காலத்தில் உலகெங்கும் சுழலிகளையும் மின்பொறி வண்டிகளையும் அனுப்பிய ‘பிரவுன், பொவேரி’ நிறுவனம். 1988-இல் அது சுவீடனின் ‘அசேயா’ (ASEA) நிறுவனத்தோடு இணைந்து, இன்று நாம் ஏபிபி என்று அறியும் நிறுவனமாயிற்று.

பிரவுன் குடும்பம் ஆங்கில வேர்களைக் கொண்டது. தந்தையான மூத்த சார்லஸ் பிரவுன் இங்கிலாந்திலிருந்து வின்டர்தூருக்கு வந்து, சுல்சர் தொழிற்சாலையில் நீராவிப் பொறிகளை வடிவமைத்தவர். 1871-இல் ரயில் இன்ஜின்கள் கட்டும் தொழிற்சாலையையும் நிறுவினார். அவருடைய மகன் சார்லஸ், நெக்கர் ஆற்றங்கரையின் லாவ்ஃபனிலிருந்து ஃபிராங்க்ஃபர்ட் வரை 175 கிலோமீட்டர் தொலைவுக்கு மாறுதிசை மின்சாரம் அனுப்பப்பட்ட 1891-ஆம் ஆண்டுச் சோதனையில் பெரும் பங்காற்றியவர். சார்லஸின் தம்பியான சிட்னி பிரவுன் புதிய நிறுவனத்தின் தொழில்நுட்பப் பொறுப்பை ஏற்றார். வெளியுலகில் அண்ணன் அளவுக்குப் பெயர் பெறாத இந்தத் தம்பிதான் நம் கதையின் நாயகர். 1896-இல் அவர் மணந்த ஜென்னி, சிட்னியின் தந்தை முன்பு வேலை பார்த்த அதே சுல்சர் தொழிற்குடும்பத்தின் மகள்.

நிறுவனத்தின் முன்னோடிகள் மூவருமே பாடனில் பிறந்த கட்டடக்கலைஞரான கார்ல் மோசரிடம் வீடு கட்டித்தரச் சொன்னார்கள். பின்னாளில் சூரிக் கலைக்கூடத்தையும் சூரிக் பல்கலைக்கழகத்தின் தலைமைக் கட்டடத்தையும் கட்டி நவீன சுவிஸ் கட்டடக்கலையின் தந்தை எனப் பேர் வாங்கிய மோசருக்கு அவை ஆரம்பகால வேலைகள். பொவேரியின் மாளிகை இன்றும் நிற்கிறது. சார்லஸ் பிரவுனின் மாளிகை இடிக்கப்பட்டுவிட்டது. சிட்னி, ஜென்னி தம்பதியின் லாங்மாட் 1899-க்கும் 1901-க்கும் இடையில், ஆங்கில நாட்டுப்புற மாளிகையின் சாயலில், பூங்கா நடுவே, வெந்நீர்க் குளியல் வட்டாரத்துக்கு நடந்தே போகக்கூடிய தொலைவில் கட்டப்பட்டது. அது அமைந்துள்ள தெருவின் பெயர் ரோமர் தெரு.

சேகரிப்பு தேனிலவிலேயே தொடங்கியது என்பது லாங்மாட்டைப் பற்றிப் பேசுகிற எவரும் விடாமல் சொல்லும் செய்தி. 1896-இல் பாரிசுக்குச் சென்ற மணமக்கள், ஆற்றங்கரையில் துணி வெளுக்கும் பெண்களை வரைந்த யூஜேன் பூதேனின் சிறு ஓவியம் ஒன்றை வாங்கினார்கள். ஆனால் அதன்பின் அவர்கள் நேரே, ஒளியின் கணநேரத் தோற்றத்தைத் தீட்டிய பிரெஞ்சுப் பாணியான இம்ப்ரெஷனிசத்துக்குப் போய்விடவில்லை. பத்தாண்டுக்கும் மேலாக அவர்கள் வாங்கியவை பழைய கலைஞர் சங்கத்திலிருந்து பிரிந்துவந்த, மியூனிக் நகரத்துப் பிரிவினைக் குழுவினரின் ஓவியங்கள். அன்றைய ஜெர்மன் மொழி உலகில் மதிப்பும் பாதுகாப்பும் உள்ள முதலீடு அதுதான். அவற்றை மாட்ட இடம் போதாமல் 1906-இல் அதே மோசரைக் கொண்டு மாளிகையோடு ஓர் ஓவியக்கூடத்தையும் சேர்த்துக் கட்டினார்கள். இன்று அந்தக் கூடத்தில் தொங்குபவை அந்த மியூனிக் படங்கள் அல்ல. தம் ரசனை மாறியதும் பழையவற்றைத் தயக்கமின்றி விற்று, அந்தச் சுவரைப் பிரெஞ்சு ஓவியங்களால் நிரப்பியவர்கள் அவர்கள். 2023-ஆம் ஆண்டு விற்பனையைப் பற்றி நிறுவனர்களின் ஆன்மா துடிக்கும் என்று எழுதியவர்கள் இதையும் சற்று நினைவில் கொண்டிருக்கலாம்.

பிரெஞ்சு ஓவியங்களில் மிகப் பெரும்பாலானவை 1908-க்கும் 1919-க்கும் இடைப்பட்ட காலத்தில் வாங்கப்பட்டவை. வழிகாட்டியாக இருந்தவர் வின்டர்தூரில் பிறந்து பாரிசில் வாழ்ந்த ஓவியர் கார்ல் மொன்டாக். தம் தூரிகையைவிடத் தம் தொடர்புகளால் அதிகம் அறியப்பட்ட மனிதர் அவர். வின்ஸ்டன் சர்ச்சிலுக்கு ஓவியம் பழக்கிய நண்பரும் அவரே. பாரிஸ் வணிகர்களிடம் எது விலைக்கு வருகிறது என்பதை அறிந்து, வின்டர்தூரின் தொழிலதிபர்களுக்கும் பாடனின் பிரவுன் குடும்பத்துக்கும் சொல்லி அனுப்புவார். இப்படித்தான் செசான், பிசாரோ, சிஸ்லே, மோனே, தெகா, கொகேன், மேரி கசாட் எல்லோரும் ஒரு சுழலிப் பொறியாளரின் வீட்டுக்கு வந்து சேர்ந்தார்கள். ரெனுவாரின் ஓவியங்கள் மட்டுமே இருபதுக்கும் மேல். இவற்றோடு பதினெட்டாம் நூற்றாண்டின் பிரெஞ்சு மரச்சாமான்களும், வெனிஸ் நகரக் காட்சிகளைத் தீட்டிய சிறு படங்கள் ஐம்பதும் சேர்ந்தன.

இந்தச் சேகரிப்பின் தன்மையை ஒரு சொல்லில் சுட்ட வேண்டுமானால் வீட்டளவானது என்பேன். அவற்றில் பல, சாப்பாட்டு அறையிலும் வரவேற்பறையிலும் கண் எட்டும் உயரத்தில் மாட்டி அன்றாடம் பார்க்க வாங்கப்பட்ட படங்கள். உலகின் பெரிய கூடங்களில் இம்ப்ரெஷனிஸ்டுகளைப் பார்த்தவர்களுக்கு இங்கே புதிதாகக் கிடைப்பது, அந்த ஓவியங்களை முதலில் வாங்கிய வகுப்பினர் அவற்றை எப்படிப் பார்த்தார்கள், எந்த நாற்காலியில் உட்கார்ந்து, எந்த விளக்கொளியில் பார்த்தார்கள் என்பதே. ஓவியங்களைப் பிரித்து எடுத்து நகரத்தின் பெரிய அருங்காட்சியகம் ஒன்றில் தொங்கவிட்டால் அவை ஒவ்வொன்றும் நல்ல ஓவியமாகவே இருக்கும், லாங்மாட் இருக்காது. விற்பனை பற்றிய என் தீர்ப்பு இந்த ஒரே கருத்தின் மேல்தான் நிற்கிறது.

சிட்னி 1941-இல் இறந்தார். ஜென்னி 1968 வரை, தம் 97-ஆம் வயது வரை, அதே வீட்டில் வாழ்ந்தார். மகன்கள் மூவருக்கும் பிள்ளைகள் இல்லை. எஞ்சியிருந்த நடுமகன் ஜான் ஆல்ஃபிரட் 1987-இல் மறைந்தபோது, வீடும் பூங்காவும் சேகரிப்பும் பொதுமக்களைச் சேர வேண்டும் என்று எழுதிவைத்திருந்தார். பெற்றோரின் பெயரைத் தாங்கிய அறக்கட்டளை அவற்றை ஏற்று, 1990-இல் அருங்காட்சியகமாகத் திறந்தது.

சிக்கலின் விதை இங்கேதான் இருக்கிறது. ஒருவர் நூறு கோடி மதிப்புள்ள ஓவியங்களை விட்டுச்செல்கிறார் என்றால் அந்த அமைப்பு செல்வம் மிக்கது என்று நாம் எண்ணிக்கொள்கிறோம். உண்மையில், விற்கக் கூடாத ஓவியம் ஒரு வருமானமும் தராது; செலவை மட்டும் தரும். அதைக் காப்பீடு செய்ய வேண்டும், காவல் வைக்க வேண்டும், ஈரப்பதத்தையும் வெப்பத்தையும் நிலையாக வைத்திருக்க வேண்டும், உரிய கல்வியுள்ளவர்களுக்குச் சம்பளம் கொடுக்க வேண்டும். சந்தையில் ஓவியத்தின் விலை ஏற ஏற காப்பீடும் காவலும் ஏறுகின்றனவே தவிர, கையிருப்பு ஒரு காசும் கூடுவதில்லை. நம் ஊர்களில் கோயிலுக்கு நகை கொடுப்பவர் ஒருவர், விளக்கெரிக்க நிலம் எழுதிவைப்பவர் இன்னொருவர்; பின்னவரின் பெயர்தான் பழைய கல்வெட்டுகளில் அதிகம் காணப்படுகிறது. நகை தானே விளக்கெரிக்காது என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது. லாங்மாட்டுக்கு நகைகள் ஏராளமாக வந்தன, நிலம் போதவில்லை. ஆண்டுதோறும் விழுந்த பற்றாக்குறையை அறக்கட்டளை தன் மூலதனத்தில் கைவைத்தே ஈடுகட்டியது. முப்பது ஆண்டுகளில் அது கரைந்தது.

அதே முப்பது ஆண்டுகளில் வீடும் முதுமை அடைந்தது. நூறாண்டைத் தாண்டிய பாதுகாக்கப்பட்ட கட்டடத்தின் கூரை, குழாய்கள், மின்கம்பிகள், தீத்தடுப்பு ஆகிய எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் புதுப்பிக்க வேண்டிய நிலை வந்தது. பாடன் நகராட்சி அந்தப் புதுப்பிப்புக்கு ஏறத்தாழ ஒரு கோடி சுவிஸ் பிராங்க் கொடுக்க முன்வந்தது. சுவிட்சர்லாந்தில் இத்தகைய தொகையை மன்றம் மட்டும் ஒதுக்கிவிட முடியாது. 2023 ஜூனில் அது நகர மக்களின் வாக்கெடுப்புக்கு விடப்பட்டது, மக்களும் ஒப்புதல் அளித்தார்கள். ஆனால் கூரையைச் சீரமைத்தபின் ஐந்து ஆண்டில் அமைப்பே திவாலாகிவிட்டால் வரிப்பணம் வீண்தானே என்ற நியாயமான கேள்வி இருந்தது. அறக்கட்டளை தன் நீண்டகால நிதியைத் தானே உறுதிப்படுத்திக்கொள்ள வேண்டும் என்பது எதிர்பார்ப்பு. அறக்கட்டளை அதற்காகக் குறித்த இலக்கு ஏறத்தாழ நான்கு கோடி பிராங்க். நான்கு கோடியிலிருந்து ஆண்டுக்கு இரண்டரை விழுக்காடு கிடைத்தாலே பத்து லட்சம் பிராங்க் ஆகிறது. ஒரு சிறு அருங்காட்சியகத்தின் ஆண்டுப் பற்றாக்குறைக்கு அது போதுமான தொகை. அந்தப் பணத்தை ஓவிய விற்பனையால் திரட்டுவது என்று அறக்கட்டளை முடிவெடுத்தது.

2023 நவம்பர் 9 அன்று நியூயார்க்கில் கிறிஸ்டீஸ் நடத்திய மாலை ஏலத்தில் மூன்று செசான்கள் போயின. 1890-களின் தொடக்கத்தில் தீட்டப்பட்ட, பழங்களும் இஞ்சிச் சாடியும் கொண்ட அசையாப் பொருள் ஓவியம் 3 கோடியே 89 லட்சம் டாலருக்குப் போயிற்று. நான்கு ஆப்பிளும் கத்தியும் கொண்ட சிறு ஓவியம் 1 கோடியே 4 லட்சத்துக்கும், லெஸ்தாக் ஊரின் கடலைக் காட்டும் ஓவியம் 32 லட்சத்துக்கும் விற்றன. இவை ஏல நிறுவனத்தின் கட்டணத்தையும் சேர்த்த தொகைகள்; அறக்கட்டளையின் கைக்கு வந்தது இதைவிடக் குறைவு என்றாலும் இலக்கு நிறைவேறியது.

அந்த இஞ்சிச் சாடி ஓவியத்துக்கு இன்னொரு கதை உண்டு. அது விற்பனையைவிட முக்கியமானது என்று நான் நினைக்கிறேன். முதல் உலகப் போருக்குப் பிறகு பெரும்பாலும் வாங்குவதை நிறுத்திவிட்ட சிட்னி பிரவுன், 1933-இல் லூசெர்னில் இருந்த ஒரு கலைக்கூடத்தில் இதை வாங்கினார். அதற்கு முன் அது பெர்லின் வங்கியாளர் யாக்கோப் கோல்ட்ஷ்மிட்டிடம் இருந்தது. அவர் யூதர். அவர் தலைமையேற்று நடத்திய டானாட் வங்கி 1931 ஜூலையில் சரிந்ததே ஜெர்மனியின் பெரும் வங்கி நெருக்கடியைத் தொடங்கிவைத்தது. நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933-இல் அவர் நாட்டைவிட்டு வெளியேறினார். இந்தக் கைமாற்றம் நியாயமான வணிகமா, துன்புறுத்தலின் விளைவா என்ற கேள்வியைக் கிளப்பியது வெளியார் அல்லர்; லாங்மாட் தானே தன் ஓவியங்களின் பூர்வீகத்தை ஆராயத் தொடங்கியபோதுதான் இந்தத் தொடர்பு வெளிப்பட்டது. ஏலத்துக்கு முன் கோல்ட்ஷ்மிட்டின் வாரிசுகளோடு உடன்பாடு எட்டப்பட்டது. உரிமை பற்றிய கேள்வி தொங்கிக்கொண்டிருக்கும் ஓவியத்தை இன்று எந்தப் பெரிய ஏல நிறுவனமும் மேடையேற்றாது. எனவே அந்த உடன்பாடு அறத்துக்கும் தேவைப்பட்டது, வணிகத்துக்கும் தேவைப்பட்டது.

ஒரு துணைச்செய்தியும் சொல்லத் தகும். அமெரிக்காவில் குடியேறி 1955-இல் மறைந்த கோல்ட்ஷ்மிட்டிடம் எஞ்சியிருந்த ஏழு ஓவியங்களை 1958 அக்டோபரில் லண்டனில் சதபீஸ் ஏலம்விட்டது. இருபத்தொரு நிமிடத்தில் எல்லாம் முடிந்தது. மொத்தம் 7,81,000 பவுண்டு. அதில் செசானின் ‘சிவப்பு மேலங்கி அணிந்த சிறுவன்’ மட்டும் 2,20,000 பவுண்டுக்குப் போய், அதுவரை எந்த நவீன ஓவியமும் கேட்டிராத விலையாயிற்று. ஓவிய ஏலம் என்பது மாலை உடையணிந்து செல்வர்கள் கூடும் நாடகமாக மாறியது அந்த இரவில்தான் என்பார்கள். ஆக, அறுபத்தைந்து ஆண்டு கழித்து லாங்மாட்டைக் காப்பாற்றிய விலையை இவ்வளவு உயரத்துக்கு ஏற்றிவிட்ட சந்தையின் தொடக்கமும் அதே வங்கியாளரின் சேகரிப்பில்தான் இருந்தது.

இனி, சரியா தவறா என்பது. எதிர்த்தவர்களின் வாதம் எளிதில் தள்ளிவிடக் கூடியதன்று. பன்னாட்டு அருங்காட்சியக அவையின் ஒழுக்கநெறி, சேகரிப்பிலிருந்து ஒன்றை விற்றால் அந்தப் பணம் சேகரிப்பின் நலனுக்கே, வழக்கமாகப் புதியன வாங்குவதற்கே, செலவாக வேண்டும் என்கிறது. சம்பளத்துக்கும் கூரைக்கும் செலவழிப்பது கூடாது. அந்த அவையின் சுவிஸ் கிளை லாங்மாட்டின் முடிவைக் கடுமையாகக் கண்டித்தது. அவர்களுடைய அச்சம் லாங்மாட்டைப் பற்றியது மட்டுமன்று. ஒரு சிற்றூர் அருங்காட்சியகம் பணமுடையில் ஓவியத்தை விற்பது இயல்பாகிவிட்டால், நாளை எந்த நகராட்சியும் மாநில அரசும், உங்களிடம்தான் ஓவியம் இருக்கிறதே, அதை விற்றுக்கொள்ளுங்கள் என்று கைவிரித்துவிடும். அருங்காட்சியகத்துக்குத் தம் ஓவியத்தைக் கொடுக்க நினைப்பவரும் தயங்குவார்.

இந்த அச்சம் உண்மையானது என்றாலும், லாங்மாட் விஷயத்தில் விற்பனை செய்ததைத் தவறு என்று என்னால் சொல்ல முடியவில்லை. அந்த ஒழுக்கநெறியின் பின்னால் சொல்லாமல் நிற்கும் ஓர் அனுமானம் உண்டு: அருங்காட்சியகத்தின் அன்றாடச் செலவை வேறு யாரோ, பெரும்பாலும் அரசு, ஏற்றுக்கொள்ளும் என்பது அது. அரசு அருங்காட்சியகத்துக்கு அது பொருந்தும். லாங்மாட்டுக்குப் பின்னால் அப்படி யாரும் இல்லை. மூடிவிட்டிருந்தால் என்ன நடந்திருக்கும்? ஓவியங்கள் வேறொரு கூடத்தின் கிடங்குக்குப் போயிருக்கும், வீடு வேறு பயனுக்குப் போயிருக்கும். சேகரிப்பு காகிதத்தில் முழுமையாக இருந்திருக்கும், மேலே சொன்ன வீட்டளவான அனுபவம் மட்டும் முற்றாகப் போயிருக்கும். மூன்று ஓவியங்களை இழந்து மற்றவற்றை அவற்றின் சுவரிலேயே வைத்துக்கொண்டார்கள். செசானின் வேறு ஓவியங்களும் அங்கே மீந்திருக்கின்றன.

நான் குறை காண்பது விற்பனையில் இல்லை, அதற்கு வந்துசேர்ந்த வழியில். மூலதனம் கரைகிறது என்பது திடீரென்று ஓர் ஆண்டில் தெரியவரும் செய்தி அன்று. ஒவ்வோர் ஆண்டுக் கணக்கிலும் எழுதப்பட்டிருக்கும். 1990-இலேயே நகராட்சி, மாநிலம், இந்தக் குடும்பத்தின் உழைப்பில் வளர்ந்த தொழில்துறை ஆகிய மூன்றும் உட்கார்ந்து ஒரு நிலையான நிதியை ஏற்படுத்தியிருந்தால் இஞ்சிச் சாடி இன்றும் பாடனில் இருந்திருக்கும். இதைச் செய்ய முடியாதது என்று சொல்ல இயலாது. பக்கத்திலேயே முன்மாதிரி இருந்தது.

மொன்டாக்கின் ஆலோசனையைக் கேட்ட வின்டர்தூர் செல்வர்களில் ஒருவரான ஆஸ்கர் ரெய்ன்ஹார்ட் தம் ‘ஆம் ரோமர்ஹோல்ஸ்’ மாளிகையையும் அதிலிருந்த ஓவியங்களையும் சுவிஸ் கூட்டரசுக்கே கொடுத்தார். அவர் 1965-இல் மறைந்தபின், 1970 முதல் அது கூட்டரசின் செலவில் திறந்திருக்கிறது. அந்தக் கூடத்தில் எந்த ஓவியத்தையும் விற்கும் பேச்சு எழ வேண்டிய தேவையே இல்லை. அதற்கும் ஒரு விலை இருந்தது: ஓவியங்களை வெளியே கடனாக அனுப்பக் கூடாது என்ற நிபந்தனை பல பத்தாண்டுகள் அந்தக் கூடத்தைக் கட்டிப்போட்டு, அண்மையில்தான் தளர்த்தப்பட்டது. அதே ஊரில் ஹான்லோசர் குடும்பத்தின் ‘ஃபுளோரா’ மாளிகைக்கு நேர்ந்ததோ வேறு. 1995-இல் அருங்காட்சியகமாகத் திறந்து, 2014-இல் மூடப்பட்டு, ஓவியங்கள் ஊர் ஊராகச் சுற்றி, கடைசியில் நகரத்தின் கலை அருங்காட்சியகத்தோடு இணைக்கப்பட்டு, 2024-இல்தான் மறுபடி கதவு திறந்தது.

வெந்நீரூற்று நகரத்தோடு ஒப்பிட வேண்டுமானால் ஜெர்மனியின் பாடன்-பாடன் இருக்கிறது. அங்கே பதிப்பகக் குடும்பத்தின் மகனான ஃபிரீடர் பூர்டா 1998-இல் அறக்கட்டளையை ஏற்படுத்தி, கட்டடக்கலைஞர் ரிச்சர்ட் மையரைக் கொண்டு லிச்டன்டாலர் சாலையோரம் வெள்ளைவெளேரென்ற ஒரு கட்டடத்தை ஏறத்தாழ இரண்டு கோடி யூரோ தம் சொந்தப் பணத்தில் கட்டி 2004-இல் திறந்தார். 2019-இல் தாம் மறையும் வரை அதன் போக்கை அவரே கவனித்தார். பக்கத்திலேயே 1909-ஆம் ஆண்டின் அரசுக் கலைக்கூடம் நிற்கிறது. இரண்டையும் ஒரு கண்ணாடிப் பாலம் இணைக்கிறது. வாழும் காலத்திலேயே கட்டி, நிதி ஒதுக்கி, நடத்திப் பார்த்து, எங்கே ஓட்டை விழுகிறது என்று கண்டவர் அவர். ஜான் பிரவுனின் அருங்காட்சியகமோ அவர் இறந்த பிறகுதான் பிறந்தது.

வெந்நீரூற்று நகரங்களில் இத்தகைய கூடங்கள் அமைவது ஏன் என்ற கேள்வியும் எழக்கூடும் என்பதால் ஒரு சிறு விளக்கம். குளிக்க வருகிறவர் ஒரு நாளில் இரண்டு மூன்று முறைக்கு மேல் நீரில் இறங்க முடியாது. மற்ற நேரத்தை எப்படியாவது கழிக்க வேண்டும். இசை மண்டபம், சூதாட்ட விடுதி, உலாவும் பூங்கா எல்லாம் அந்த ஓய்வு நேரத்தின் பிள்ளைகள். ஓவியக்கூடமும் அந்த வரிசையில் பொருந்துகிறது. பாடன்-பாடனில் இந்த விளக்கம் செல்லும். சுவிஸ் பாடனில் அவ்வளவாகச் செல்லாது. அங்கே தொழிற்சாலை வளர வளர குளியல் நகரம் தேய்ந்தது. 1876-இல் திறந்த பிரம்மாண்ட விடுதியை 1944-இல் வெடிவைத்துத் தகர்த்தார்கள். பழைய பொதுக் குளியலகம் 2012-இல் மூடப்பட்டது. மரியோ போட்டா வடிவமைத்த புதிய குளியலகம் நீரின் வெப்பமான நாற்பத்தேழையே பெயராகத் தாங்கி 2021 நவம்பரில் திறந்த பிறகுதான் வெளியூர்க் கூட்டம் மறுபடி வரத் தொடங்கியது. லாங்மாட்டின் பிற்கால நுழைவுக்கட்டணக் கணக்கில் அந்தக் குளியலகத்துக்கும் பங்கிருக்கும்.

கடைசியாக, எதைப் பார்ப்பது. புதுப்பிப்புக்காக மாளிகை மூடப்பட்டபோது ஓவியங்கள் கிடங்கில் தூங்கவில்லை. 2024-இல் லோசானிலும், 2025-இல் கொலோனிலும், பிறகு வியன்னாவின் பெல்வெடர் மாளிகையிலும் அவை காட்சிக்கு வைக்கப்பட்டன. ஆகவே புறப்படும் முன் மாளிகை திறந்திருக்கிறதா என்பதை உறுதிசெய்துகொள்ளுங்கள். உள்ளே போனால், பெயர்பெற்ற படத்தைத் தேடி ஓடாமல், முதலில் ரெனுவாரின் ‘பின்னல்’ முன் நில்லுங்கள். கூந்தலைப் பின்னிக்கொண்டிருக்கும் அந்தப் பெண் சுசான் வலதோன். ஓவியர்களுக்கு முன் அமர்ந்து பிழைத்தவர், பின்னர் தாமே தூரிகை எடுத்துப் பெயர்பெற்ற ஓவியரானார். ரெனுவார் தம் மென்மையான தீட்டலைவிட்டுக் கோட்டின் கூர்மையைத் தேடிய 1880-களின் இடைப்பகுதியைச் சேர்ந்தது அது; அவரைப் பிடிக்காதவர்களுக்கும் பிடிக்கும் படம். அடுத்து மோனே 1893-இல் வரைந்த, அந்தி ஒளியில் ஆற்றின்மேல் மிதக்கும் பனிப்பாளங்கள். பிறகு லூவசியேன் ஊரின் வசந்தகால மரங்களைத் தீட்டிய பிசாரோ, 1870-ஆம் ஆண்டுக்குரியது. இம்ப்ரெஷனிசம் என்ற பெயர் தோன்றுவதற்கு முந்தைய படம் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு பாருங்கள்.

வெனிஸ் படங்கள் ஐம்பதையும் ஒவ்வொன்றாகப் பார்க்க முயலாதீர்கள், சலித்துவிடும். அந்த அறையின் நடுவில் நின்று எல்லாவற்றையும் ஒரே சுவராகப் பார்ப்பதே போதும். மரச்சாமான்களில் எனக்கு அவ்வளவு ஈடுபாடு இல்லை. மழை இல்லையென்றால் பூங்காவில் சற்று உட்கார்ந்துவிட்டு ஆற்றை நோக்கி இறங்கினால், கால் மணி நேரத்தில் வெந்நீர் வட்டாரம் வந்துவிடும்.